வேலூர் ‘கிச்சன் ரூம்’: வாடகை மலிவுதான், தங்குவது மலிவா?

காந்தி ரோடு, பாபு ராவ் தெரு, தோட்டப்பாளையம், காகிதப்பட்டறை, தெற்கே பாகாயம் வரைக்கும் ‘ரூம் வித் கிச்சன்’ பலகை தமிழிலும் ஆங்கிலத்திலும் வங்காளத்திலும் தொங்குகிறது. பத்துக்குப் பத்து அறை, ஒன்றோ இரண்டோ கட்டில், மூலையில் கடப்பாக்கல் மேடை, மேலே ஒற்றை அடுப்பு, ஒட்டினாற்போல் ஒரு குளியலறை. சரக்கு இவ்வளவுதான். 1900இல் அமெரிக்க மருத்துவர் ஐடா ஸ்கடர் ஒரே ஒரு கட்டிலோடு தொடங்கிய மருத்துவம் சி.எம்.சி. (கிறிஸ்தவ மருத்துவக் கல்லூரி) ஆஸ்பத்திரியாக வளர வளர, அதைச் சுற்றி இந்த அறைத் தொழிலும் வளர்ந்துவிட்டது. நோயாளியோடு வருகிறவர்கள் முதலில் கேட்பது நாள் வாடகை. பெரும்பாலானவர்கள் அதோடு நிறுத்திக்கொள்கிறார்கள். கோளாறு அங்கேதான் ஆரம்பிக்கிறது.

எந்த லாட்ஜின் பெயரும் இங்கே வராது. இந்த வகை அறையையே சரக்காக எடுத்து, நோய்ச் செலவு போடுகிற பொருளியல்காரர்களின் தராசில் நிறுத்திப் பார்ப்பதுதான் நோக்கம். அந்தத் தராசில் மூன்று தட்டு. டாக்டர் ஃபீஸ், மருந்து, டெஸ்ட், படுக்கை எல்லாம் முதல் தட்டு. வண்டிக்கூலி, சாப்பாடு, அறை வாடகை இரண்டாவது. நோயாளியும் கூட இருப்பவரும் வேலைக்குப் போகாததால் விட்டுப்போன உழைப்பு மூன்றாவது. 1966இல் அமெரிக்காவில் டோரதி ரைஸ் இந்த முறையை ஒழுங்குபடுத்தி எழுதினார். இன்றுவரை ஆய்வுகள் பெரும்பாலும் அதே வழியில்தான் போகின்றன. அறை வாடகை இருப்பது இரண்டாம் தட்டில். ஆனால் அறையை எங்கே எடுக்கிறோம், எப்படிப்பட்டதை எடுக்கிறோம் என்பது மூன்றாம் தட்டைத்தான் அதிகம் ஆட்டும்.

முதலில் அறைக்குள் போவோம்.

அடுப்பு. வீட்டு உபயோகத்துக்கான 14.2 கிலோ சிலிண்டரை லாட்ஜ் அறையில் வைப்பது சட்டப்படி சரியில்லை. அதனால் சில இடங்களில் 5 கிலோ சின்ன சிலிண்டர், பல இடங்களில் இன்டக்‌ஷன் அடுப்பு. இன்டக்‌ஷன் என்றால் குனிந்து பிளக் பாயின்ட்டைப் பாருங்கள். 1800 வாட் அடுப்பு 230 வோல்ட்டில் கிட்டத்தட்ட 7.8 ஆம்பியர் இழுக்கும். சுவரில் இருப்பது ஃபேனுக்கும் போன் சார்ஜருக்கும் போட்ட 6 ஆம்பியர் சாக்கெட் என்றால் நாலு நாளில் துளையைச் சுற்றிப் பழுப்பேறும், பிறகு பிளாஸ்டிக் இளகும், ஒருநாள் ராத்திரி ஃப்யூஸ் போகும். அதற்கு எக்ஸ்டென்ஷன் பாக்ஸ் மாட்டித் தருகிறேன் என்பார்கள். அது நோய்க்கு மருந்தல்ல, நோயை இன்னொரு மூலைக்கு நகர்த்துவது. பெரிய துளைகள் உள்ள 16 ஆம்பியர் பாயின்ட் மேடைப் பக்கம் இருக்கிறதா என்று பார்த்துவிட்டுத்தான் அட்வான்ஸ் கொடுக்க வேண்டும். கரன்ட் தனி மீட்டரா, அறைக்கு இவ்வளவு என்று மொத்தமாகவா, யூனிட்டுக்கு எவ்வளவு என்பதையும் அப்போதே கேட்க வேண்டும். அந்த அடுப்பு முழு வேகத்தில் ஒரு மணி நேரம் எரிந்தால் 1.8 யூனிட். நுழைகிற அன்றே மீட்டரைப் போனில் படம் எடுத்து வைத்துக்கொள்ளுங்கள்.

தண்ணீர். குழாயில் போர் தண்ணீர் வந்தால் பருப்பு வேகாது. தண்ணீரிலுள்ள கால்சியமும் மக்னீசியமும் பருப்பின் செல் சுவரைக் கெட்டிப்படுத்துவதால் இருபது நிமிட வேலை நாற்பது நிமிடம் ஆகும், கரன்ட்டும் இரட்டிப்பாகும். சமைக்கவும் குடிக்கவும் 20 லிட்டர் கேன் போடுவதென்றால் அதையும் நாள் செலவில் சேர்க்க வேண்டும். மாடிக்குத் தூக்கித் தருவார்களா என்பது சின்னக் கேள்வி போலத் தோன்றும். கூட இருப்பவர் அறுபது வயது அம்மா என்றால் சின்னக் கேள்வி இல்லை.

குளியலறைக் கதவு. சாதாரண சக்கர நாற்காலி 25, 26 அங்குல அகலம். இந்த அறைகள் பலவற்றில் இருப்பது 24 அங்குல பி.வி.சி. கதவு, நிலைச்சட்டம் போக இன்னும் குறுகல். நாற்காலி உள்ளே போகாது. நோயாளியைக் கைத்தாங்கலாக இறக்க இரண்டாவது ஆள் வேண்டும். அந்த இரண்டாவது ஆளின் கூலியிழப்பு எந்த ரசீதிலும் வராது, ஆனால் அந்தக் கதவுதான் அதற்குக் காரணம். டேப் இல்லையா, கையால் அளக்கலாம்: ஒன்றரை முழத்துக்கு நல்ல மேலே இருந்தால் தாராளம். வாசற்படியில் தண்ணீர் தடுக்க வைக்கும் நாலு அங்குலத் திட்டையும் கவனியுங்கள். இடுப்பு, முழங்கால் அறுவை முடிந்தவருக்கு இந்தியன் டாய்லெட் ஆகாது. அதன்மேல் போடும் கமோடு நாற்காலி ஆஸ்பத்திரி அருகே மருத்துவ உபகரணக் கடைகளில் வாடகைக்குக் கிடைக்கும். அறை கேட்கும்போதே அதை வைக்க இடமிருக்கிறதா என்று பார்த்துவிடலாம்.

மாடி. கடைசி மாடி அறை எப்போதும் ஐம்பது நூறு குறைவு. மாசி மாதம் வரை பரவாயில்லை. அக்னி நட்சத்திரத்தில் வேலூர் வெயில் 40 டிகிரியைத் தாண்டும். பகலெல்லாம் சூடேறிய தளம் ராத்திரி பதினொரு மணிவரை அந்தச் சூட்டை உள்ளே இறக்கும். நாளுக்கு இவ்வளவுதான் தண்ணீர் என்று டம்ளர் கணக்கு வைத்திருக்கும் டயாலிசிஸ் நோயாளியை அந்த அறையில் போட்டால் ஒன்று தாகத்தில் தவிப்பார், இல்லை அளவு மீறிக் குடிப்பார். மீறினால் மூச்சுத் திணறல், திட்டத்தில் இல்லாத கூடுதல் டயாலிசிஸ். மிச்சம் பிடித்த நூறு ரூபாய் எங்கே போனது என்று தேட வேண்டியதில்லை. லிஃப்ட் இருந்தால் ஜெனரேட்டரில் ஓடுமா என்று கேளுங்கள். பல இடங்களில் ஜெனரேட்டர் லைட்டுக்கும் ஃபேனுக்கும் மட்டும்தான்.

கிச்சன் உண்மையிலேயே காசுக்குத் தகுந்தது என்று சொல்லக்கூடிய இடங்களும் உண்டு. பொட்டாசியம் ஏறிவிடும் என்று சொல்லப்பட்ட சிறுநீரக நோயாளிக்குக் காயைச் சிறிதாக நறுக்கி, நிறையத் தண்ணீரில் வேகவைத்து, வடித்துக் கொடுக்க வேண்டும். எந்த மெஸ்ஸிலும் இது நடக்காது. கீமோதெரபியில் வெள்ளையணு விழுந்தவருக்குப் பச்சைக் காய், தெருச் சட்னி ஆகாது; கொதித்து இறக்கிய உணவைச் சூடாகவே கொடுக்க வேண்டும். இந்த இரண்டு வகையினருக்கும் கிச்சன் என்பது சிகிச்சையின் ஒரு பகுதி, வாடகையை வைத்து எடைபோடுவதே தப்பு. சர்க்கரைக்கோ கண்ணுக்கோ காட்ட நாலு நாள் வந்தவருக்கு அந்த மேடை துணி காயப்போடத்தான் பயன்படும். அதற்கு ஏன் கூடுதல் வாடகை?

இனிக் கணக்கு. கீழே உள்ள தொகைகள் எடுத்துக்காட்டுக்குப் போட்டவை, ஊர் விலைப்பட்டியல் இல்லை. அவரவர் எண்ணைப் போட்டு அதே வழியில் போகலாம்.

கள்ளக்குறிச்சிப் பக்கத்திலிருந்து கணவனும் மனைவியும் வருகிறார்கள் என்று வைத்துக்கொள்வோம். கணவனுக்கு 20 நாள் கதிர்வீச்சு, வாரம் ஐந்து நாள். ஞாயிறு ராத்திரி வந்து நான்காவது வெள்ளி கிளம்பினால் 26 இரவு. ஆஸ்பத்திரி வாசலுக்கு எதிரே கிச்சன் இல்லாத அறை 600 ரூபாய். இரண்டரை கிலோமீட்டர் தள்ளிக் கிச்சன் அறை 400. தூரத்து அறையில் 26 நாளுக்கு வாடகை 10,400. மளிகை நாளுக்கு 180 வீதம் 4,680. கேஸ், கரன்ட் நாளுக்கு 40 வீதம் 1,040. ஆட்டோ போக வர 160 வீதம் 20 நாளுக்கு 3,200. ஆக 19,320. வாசல் அறையில் வாடகை 15,600, இருவருக்கும் மெஸ் சாப்பாடு நாளுக்கு 400 வீதம் 10,400, ஆட்டோ இல்லை. ஆக 26,000. தூரத்து அறையில் 6,680 ரூபாய் மிச்சம் என்று நோட்டைப் பலர் இங்கே மூடிவிடுவார்கள்.

மூடக் கூடாது. கதிர்வீச்சில் வாய்ப்புண்ணும் அசதியும் பெரும்பாலும் இரண்டாம் மூன்றாம் வாரத்தில்தான் ஏறும். வாசலுக்கு எதிரே அறை என்றால் முதல் 14 நாள் அவர் தாமே நடந்து போய் வந்துவிடுவார். மனைவி ஊருக்குத் திரும்பிப் போய் வேலை பார்த்துவிட்டுக் கடைசி 12 நாளுக்கு வரலாம். தூரத்து அறையில் ஆட்டோ ஏற்றவும் சமைக்கவும் அவர் 26 நாளும் இருந்தாக வேண்டும். இப்போது வாசல் அறைக் கணக்கு மாறுகிறது: வாடகை 15,600; மெஸ்ஸில் 12 நாள் இருவருக்கு 4,800; 14 நாள் ஒருவருக்கு 2,800; அவர் ஊருக்குப் போய்வர பஸ் 300. மொத்தம் 23,500. தூரத்து அறையைவிட 4,180 அதிகம். ஆனால் 14 நாள் கூலி கையில் வருகிறது. நூறு நாள் வேலைக்குத் தமிழ்நாட்டில் 2025-26க்கு அறிவித்த கூலி 336 ரூபாய். அதை அடிமட்டமாக வைத்தால் 4,704. வாசல் அறை 524 ரூபாய் மலிவு!

இந்த இடத்தில்தான் கணக்குத் தெரிந்தவர்களும் வழுக்கி விழுவார்கள். ஊரில் இருந்தாலும் மனுஷி சாப்பிடத்தானே வேண்டும்? வீட்டுச் சாப்பாட்டுக்கு ஆளுக்கு நாளுக்கு 60 ரூபாய் என்றால் அந்த 14 நாளுக்கு 840. அதை விட்டுவிட்டோம். நோயின் செலவு என்பது நோய் இல்லாவிட்டால் ஆகியிருக்காத செலவு மட்டும்தான். அதனால் இரண்டு அறைக் கணக்கிலும் வீட்டுச் சாப்பாட்டைக் கழித்துவிட்டுக் கூடுதலை மட்டும் எழுத வேண்டும். அப்படி எழுதினால் தூரத்து அறை 16,200, வாசல் அறை 21,220. வித்தியாசம் 5,020. கூலி 4,704தான். மறுபடி தூரத்து அறை 316 ரூபாய் மலிவு. ஒரு தட்டுச் சோற்றைச் சேர்ப்பதா கழிப்பதா என்பதில் தீர்ப்பே புரண்டுவிடுகிறது. 5,020ஐ 14ஆல் வகுத்தால் 359 வரும். கூட வருபவரின் நாள் வருமானம் அதைத் தாண்டினால் வாசல் அறை, அதற்குக் கீழே என்றால் கிச்சன் அறை. அறை பார்க்கப் போகும்போது மனதில் வைத்துக்கொள்ள வேண்டியது இந்த மாதிரி ஒரு எண்தான். ஒன்று மட்டும்: நோயாளி தனியாகத் தங்குவார் என்றால் சில லாட்ஜ்களில் தயங்குவார்கள். முன்கூட்டியே பேசிக்கொள்ளுங்கள்.

அந்த 336ஐ எல்லாருக்கும் ஒட்டிவிடவும் முடியாது. குடியாத்தம், பேரணாம்பட்டுப் பக்கத்திலிருந்து வரும் பீடி சுற்றும் பெண்ணை எடுத்துக்கொள்வோம். அவர் வருமானம் நாள் கணக்கில் இல்லை, ஆயிரம் கணக்கில். இலை வாங்கி, நனைத்து, வெட்டி, சுற்றி, ஆயிரம் முடித்தால் கூலி. மகனோடு ஆஸ்பத்திரியில் பகல் முழுக்க உட்கார்ந்துவிட்டு ராத்திரி வீட்டுக்குப் போய் ஐந்நூறு சுற்றினால் அன்றைக்கு அரை நாள் இழப்பு, அதோடு தூக்கமும். ‘எத்தனை நாள் வேலைக்குப் போகவில்லை?’ என்று கேட்டால் ‘ஒரு நாளும் விடவில்லை’ என்றுதான் சொல்வார். ‘எத்தனை ஆயிரம் குறைந்தது?’ என்று கேட்டால்தான் உண்மை வரும். லாட்ஜ் அறையில் சுற்றலாமே என்று யோசிக்காதீர்கள். புகையிலைத் தூள் பறக்கும் இடத்தில் நெஞ்சு நோயாளியைப் படுக்கவைக்க முடியாது.

இதே பெண்ணை வைத்துப் பொருளியலின் பழைய சண்டை ஒன்றையும் பார்க்கலாம். அவர் சுற்றாத ஆயிரங்களின் கூலி முழுவதும் சமூகத்துக்கு இழப்பு என்பது ஒரு கட்சி. மனித மூலதன முறை என்பார்கள். 1990களில் நெதர்லாந்துப் பொருளியலாளர்கள் வேறு மாதிரி சொன்னார்கள்: அவர் விட்ட வேலையை இன்னொருவர் எடுத்துக்கொள்ளும்வரை உள்ள இடைவெளி மட்டும்தான் சமூகத்துக்கு இழப்பு. ஏஜென்ட் அதே இலையைப் பக்கத்து வீட்டில் கொடுத்துவிட்டால் பீடி எண்ணிக்கை குறையவில்லை, இழப்பு ஏறக்குறையப் பூஜ்யம். இரண்டும் கணக்காகச் சரி. ஆனால் பூஜ்யம் என்று எழுதுகிறவர் யாருடைய கணக்கைப் போடுகிறார் என்பதைச் சொல்லிவிட்டு எழுத வேண்டும். பீடிக் கம்பெனிக்குப் பூஜ்யம், அந்த வீட்டுக்கு இல்லை. வேலைக்கு ஆள் வரிசையில் நிற்கும் ஊரில் இரண்டாவது முறை ஏழையின் இழப்பைக் காணாமல் அடித்துவிடும் என்பது எங்கள் கருத்து.

யாருடைய கணக்கு என்ற கேள்வி அறையைச் சுற்றி எல்லா இடத்திலும் வருகிறது. ஆம்பூர், ராணிப்பேட்டைத் தோல், ஷூ கம்பெனிகளில் மாதம் 21,000 ரூபாய்க்குள் சம்பளம் வாங்குபவருக்கு ஈ.எஸ்.ஐ. உண்டு. நோய் விடுப்பில் இருந்தால் சம்பளத்தில் 70 சதவீதம், வருடத்துக்கு 91 நாள்வரை. வீட்டுக் கணக்கில் இழப்பு 30 சதவீதம்தான். சமூகக் கணக்கில் முழு நூறும் இழப்பு. அந்த 70 ஒரு பையிலிருந்து இன்னொரு பைக்குப் போனது, செய்யாத வேலை செய்யாத வேலைதான். காட்பாடிக்கும் பாகாயத்துக்கும் நடுவே ஓடும் டவுன் பஸ்ஸில் கூட இருக்கும் பெண்ணுக்கு 2021 மே முதல் டிக்கெட் இல்லை. அவர் கணக்கில் பூஜ்யம், டீசல் மட்டும் எரிகிறது. அம்மா உணவகத்து ஒரு ரூபாய் இட்லியும் அப்படித்தான், அரிசி உளுந்து விலை அதுவல்ல. சிகிச்சைக்காக வட்டிக்கு வாங்கிய பணத்தில் வட்டி வீட்டுக்குப் பெரிய சுமை. சமூகக் கணக்கில் அது ஒரு கையிலிருந்து இன்னொரு கைக்குப் போகும் பணம், சேர்க்கக் கூடாது. வீட்டுக் கணக்கையும் சமூகக் கணக்கையும் ஒரே பக்கத்தில் கூட்டினால் சிலவற்றை இரண்டு முறை எண்ணுவோம், சிலவற்றை எண்ணவே மாட்டோம்.

அப்படியென்றால் இந்த அறை வாடகை நாட்டின் கணக்கில் எங்கே இருக்கிறது? தேசிய சுகாதாரக் கணக்கில், மொத்தச் சுகாதாரச் செலவில் மக்கள் கைக்காசு 2013-14இல் 64.2 சதவீதமாக இருந்தது, 2021-22இல் 39.4 சதவீதமாக இறங்கியது. நல்ல இறக்கம்தான். ஆனால் கூட இருப்பவரின் லாட்ஜ் வாடகையும் அவர் விட்ட கூலியும் அந்த எண்ணுக்குள் இல்லை. தேசிய மாதிரி ஆய்வின் படிவம் இதைவிட மேல். 2017 ஜூலை முதல் 2018 ஜூன் வரை நடந்த 75ஆவது சுற்றில் மருத்துவம் சாராச் செலவுக்கு இடமிருக்கிறது. கூட இருப்பவர் தங்கிய செலவும் அதில் வரும். ஆனால் ஆஸ்பத்திரியில் அட்மிட் ஆனவருக்கு 365 நாளுக்குள் என்று கேட்கிறார்கள், அட்மிட் ஆகாதவருக்குக் கடைசி 15 நாள்தான். வேலூருக்கு வருகிறவர்களில் பெரும் கூட்டம் ஓ.பி. சீட்டோடு மூன்று வாரம் டெஸ்ட்டுக்கும் ரிசல்ட்டுக்கும் காத்திருந்து அட்மிட் ஆகாமலே திரும்புகிற கூட்டம். அவர்கள் இருபது நாள் வாடகை கொடுத்திருப்பார்கள். ஆய்வாளர் ஒரு மாதம் கழித்து வீட்டுக் கதவைத் தட்டினால் அந்த வாடகை எந்தக் கட்டத்திலும் விழாது.

எல்லையைத் தாண்டிய செலவு எது என்று சொல்லும் அளவுகோலும் நோய்க்கு நோய் வேறு. ஐ.நா. வளர்ச்சி இலக்குகளில் நெடுநாள் பயன்பட்ட அளவு, குடும்பச் செலவில் 10 அல்லது 25 சதவீதத்துக்கு மேல் மருத்துவத்துக்குப் போனால் பேரிடர்ச் செலவு என்பது. லாட்ஜ் வாடகை அதில் சேராது. காசநோய்க்கு உலக சுகாதார நிறுவனம் வைத்திருக்கும் அளவு வேறு: மருத்துவச் செலவு, பயணம், சாப்பாடு, தங்கல், விட்டுப்போன வருமானம் எல்லாம் சேர்ந்து வருட வருமானத்தில் 20 சதவீதத்தைத் தாண்டினால் பேரிடர். இதே அறையில் இதே பணத்துக்குத் தங்கிய இரண்டு குடும்பத்தில் காசநோய்க் குடும்பம் மட்டும் கணக்கில் ஏறும். முதல்வரின் காப்பீட்டுத் திட்டம் குடும்பத்துக்கு வருடம் 5 லட்சம் வரை தாங்குகிறது, அது முதல் தட்டுக்கு. அறைச் சாவி வாங்கும் பணம் வீட்டிலிருந்துதான் வர வேண்டும்.

விபத்தில் அடிபட்டவரோடு தங்குபவர்களுக்குத் தனியாகச் சில வார்த்தை. சென்னை, பெங்களூரு நெடுஞ்சாலை விபத்துகளில் பலருக்குச் சிகிச்சை இப்போது சி.எம்.சி.யின் ராணிப்பேட்டை வளாகத்தில். வேலூர் டவுனில் அறை எடுத்துவிட்டு அங்கே தினம் போய்வருவது ஆட்டோக்காரருக்குத்தான் லாபம். எந்த வளாகம் என்று கேட்டுக்கொண்டு அறை தேடுங்கள். மோட்டார் விபத்துத் தீர்ப்பாயத்தில் இழப்பீடு கேட்கும்போது மருத்துவ பில் தவிர, பயணச் செலவு, சத்துணவு, கூட இருந்தவர் செலவு ஆகியவையும் தனித்தனித் தலைப்புகள். அதற்கு அறை ரசீது கையில் வேண்டும்: தங்கியவர் பெயர், நோயாளியின் பெயர், தேதி முதல் தேதி வரை, அச்சிட்ட ரசீது எண், கையெழுத்து. வாட்ஸப்பில் வரும் ‘ரிசீவ்டு 8000’ அங்கே நிற்காது.

வருமான இழப்புக்குத் தீர்ப்பாயம் போடுவது அப்பட்டமான மனித மூலதனக் கணக்கு. 32 வயது, சொந்தமாக மெக்கானிக் வேலை, மாதம் 12,000 என்று நிரூபணமானால், உச்ச நீதிமன்றத்தின் 2017 பிரணய் சேத்தி தீர்ப்புப்படி 40 வயதுக்குக் கீழே உள்ள சுயதொழிலாளிக்கு எதிர்கால உயர்வு 40 சதவீதம் சேர்த்து 16,800. வருடத்துக்கு 2,01,600. செய்யும் தொழிலைப் பாதிக்கும் அளவில் ஊனம் 30 சதவீதம் என்றால் 60,480. 2009 சர்லா வர்மா தீர்ப்பின் அட்டவணையில் 31 முதல் 35 வயது வரை, வருட இழப்பைப் பெருக்க வேண்டிய எண் 16. ஆக 9,67,680. இதில் தவறுவது பெரும்பாலும் ஊன சதவீதத்தில்தான். மருத்துவச் சான்று ஒரு காலுக்கு 40 சதவீதம் என்று சொல்லும். அதையே முழு உடலுக்கும் வைத்துக்கொள்ள முடியாது, பிழைப்புக்கு எவ்வளவு பாதிப்பு என்பதைத் தனியாகக் காட்ட வேண்டும். மெக்கானிக்குக் குந்தி உட்கார முடியாதது ஒன்று, கணக்கருக்கு வேறொன்று.

எந்த அறை யாருக்கு என்று சொல்லிவிடலாம். நாலைந்து நாள் ஓ.பி. என்றால் கிச்சன் வேண்டாம், நடக்கும் தூரம் மட்டும் பாருங்கள். காலை ஏழு மணிக்கு டோக்கனுக்கு நிற்க ஆறரைக்கு ஆட்டோ தேடுவது பெரிய அலைச்சல். டயாலிசிஸ், மாற்றுச் சிறுநீரகம், கீமோ என்று மாதக்கணக்கில் தங்குபவர்கள் கிச்சன் அறைக்கும் மேலே போய், சத்துவாச்சாரி, பாகாயம் பக்கம் மாத வாடகை வீட்டுப் பகுதியைத் தேடுவது நல்லது. நாள் வாடகையை முப்பதால் பெருக்கிக் கொடுப்பதைவிட மாத வாடகை எப்போதும் குறைவு, அட்வான்ஸ் மட்டும் பெரிதாகக் கேட்பார்கள். மூன்று, நான்கு வாரக் கூட்டத்துக்குத்தான் கிச்சன் அறை சரியான சரக்கு; அதற்கும் மேலே சொன்ன 359 மாதிரி உங்கள் எண்ணைப் போட்டுப் பார்த்த பிறகு. ஐந்துக்கு மூன்றரை நட்சத்திரம். அரை நட்சத்திரம் போனது சாக்கெட்டுக்கு, ஒன்று அந்த 24 அங்குலக் கதவுக்கு.

வரி ஒரு சின்ன விஷயம். நாள் வாடகை 7,500க்குள் உள்ள அறைக்கு 2025 செப்டம்பர் 22 முதல் ஜி.எஸ்.டி. 12 சதவீதத்திலிருந்து 5 ஆகிவிட்டது. பழைய விகிதத்தில் பில் போட்டால் கேளுங்கள். பதிவு செய்யாத சின்ன லாட்ஜ் என்றால் வரியே போடக் கூடாது. இலங்கையிலிருந்தோ வேறு நாட்டிலிருந்தோ உறவினர் வந்து தங்கினால் லாட்ஜ்காரர் அவர் விவரத்தை 24 மணி நேரத்துக்குள் இணையத்தில் பதிய வேண்டும். அதனால் பாஸ்போர்ட், விசா நகல் இரண்டு செட் கையில் வைத்திருங்கள்.

செக் அவுட் நேரத்தைக் கடைசியாகச் சொல்வதற்குக் காரணம், பணம் அதிகம் பறிபோவது அங்கேதான். 24 மணி நேரக் கணக்கா, மதியம் 12 மணிக் கணக்கா? ஞாயிறு ராத்திரி எட்டு மணிக்கு நுழைந்து, நான்காவது வெள்ளி கடைசிக் கதிர்வீச்சு முடிந்து, டிஸ்சார்ஜ் சீட்டும் மருந்தும் வாங்கி மூன்று மணிக்குத் திரும்பினால், முதல் கணக்கில் 26 நாள் வாடகை, இரண்டாவதில் 27. காலையிலேயே பெட்டியைக் கட்டி ரிசப்ஷனில் வைத்துவிட்டு, மீட்டரைக் காட்டி, டெபாசிட்டை வாங்கிக்கொண்டு, சாவியைப் பன்னிரண்டுக்குள் கொடுத்துவிட்டு ஆஸ்பத்திரிக்குப் போங்கள். பெட்டியைச் சாயங்காலம் வந்து எடுத்துக்கொள்ளலாம்.